கீழே ஓடிய எழுத்து

ராஜியின் வலது கையில் ஆள்காட்டி விரலும் நடுவிரலும் இல்லை. எப்படிப் போயிற்று என்று யார் கேட்டாலும் சொல்லிவிடுவாள். லோக்கல் ரயிலில் பக்கத்தில் உட்காரும் பெண் கேட்டாலும் சொல்வாள், ரேஷன் கடைக்காரர் கேட்டாலும் சொல்வாள். கேட்காமல், ஒரு பார்வை பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்கிறவர்கள்மேல்தான் அவளுக்குக் கோபம் வரும்.

"ஏன், கேட்டா வாய் வலிக்குமா? பாத்துட்டுப் பாக்காத மாதிரி போனா விரலு முளைச்சிருமா?" என்பாள்.

சங்கரன்கோவில் பக்கத்துப் பெண். அப்பா விசைத்தறியில் வேலை பார்த்தவர். பத்தாவது முடித்ததும் புனேயில் டிரைவராக இருந்த வசந்தகுமாருக்குக் கட்டிக்கொடுத்தார்கள். வசந்தகுமார் இப்போது ஐ.டி. கம்பெனி ஆட்களை ஹடப்சருக்கு ஏற்றிப்போகும் பஸ் ஓட்டுகிறான். சிஞ்ச்வட் ஸ்டேஷனுக்குப் பின்புறம் ஒரு பழைய கட்டடத்தில் மூன்றாவது மாடி வீடு. ராஜி ஹிந்தியைப் பக்கத்து வீட்டாரிடமும் மராத்தியைக் காய்கறிச் சந்தையிலும் கற்றுக்கொண்டாள். இரண்டையும் சங்கரன்கோவில் ராகத்தில்தான் பேசுவாள். மகள் சோனியா பள்ளிக்கூடம் போகத் தொடங்கியதும் வீட்டில் சும்மா இருக்கப் பிடிக்காமல் வேலை தேடினாள்.

வேலை வாங்கிக் கொடுத்தவர் ரவிசந்திரன். கோயம்புத்தூர்க்காரர், ஒரு உதிரிபாகத் தொழிற்சாலையில் பிரஸ் ஷாப் சூப்பர்வைசர். தமிழ்ச் சங்கத்துப் பொங்கல் விழாவில் அறிமுகம். அன்று முதல் ராஜிக்கு அவர் அண்ணன். அவருக்கு இவள் அம்மிணி.

அந்தத் தொழிற்சாலையில் கார் சீட் பெல்ட்டுக்கான எஃகுத் துண்டுகளை அடிப்பார்கள். பெல்ட்டை இழுத்து மாட்டும்போது 'கிளிக்' என்று உள்ளே போய் உட்காருமே, அந்த நாக்கு. தகட்டை அச்சுக்குள் வைத்துவிட்டுக் காலால் பெடலை மிதித்தால் மேலிருந்து பிரஸ் இறங்கும். கையை எடு, மிதி, துண்டை எடு, அடுத்த தகட்டை வை. நாள் முழுக்க இதுதான். கை உள்ளே இருக்கும்போது பிரஸ் இறங்கிவிடாமல் தடுக்க ஒரு சென்சார் உண்டு. கையோ சட்டை நுனியோ அதன் வெளிச்சக் கோட்டைத் தொட்டால் பிரஸ் நின்றுவிடும்.

நின்றுவிடுவதுதான் தொழிற்சாலைக்குப் பிடிக்காத விஷயம். நின்றால் உற்பத்தி குறையும். அதனால் ஆர்டர் அதிகமான நாட்களில் சென்சாரைச் சாவி போட்டு அணைத்துவிடுவார்கள். சாவி சூப்பர்வைசரிடம் இருக்கும்.

நான்கு வருடங்களுக்கு முன்பு, தீபாவளிக்கு முந்தின வாரம், வெளிநாட்டு ஆர்டர் ஒன்று அவசரமாக முடிய வேண்டியிருந்தது. ராஜியின் பிரஸ் காலையிலிருந்தே ஒரு மாதிரி இருந்தது. ஒரு மிதிக்கு இரண்டு முறை இறங்கப் பார்த்தது. அவள் ரவிசந்திரனிடம் போய்ச் சொன்னாள்.

"அண்ணே, மிஷின் டபுள் அடி அடிக்குது. சென்சாரையாவது போட்டு விடுங்க."

"இன்னிக்கு ஒரு நாள் ஓட்டீரு அம்மிணி. நாளைக்கு ஃபிட்டரைக் கூப்புட்டுப் பாத்துக்கலாம்."

மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு பிரஸ் மறுபடி இரண்டு முறை இறங்கியது. இரண்டாவது முறை இறங்கியபோது அவள் துண்டை எடுக்கக் கையை உள்ளே விட்டிருந்தாள்.

தொழிற்சாலை தன் விசாரணையில் எழுதிக்கொண்டது ஒரே வார்த்தை: கவனக்குறைவு. புண் ஆறியதும் அவளைப் பேக்கிங் பகுதிக்கு மாற்றினார்கள். வேலையை விட்டு எடுக்காததே பெரிய தயவு என்று மேனேஜர் சொன்னார். வசந்தகுமாரும் அப்படித்தான் நினைத்தான். ராஜி மட்டும் ஒப்புக்கொள்ளவில்லை. ஆனால் அவள் சொல்வதைக் கேட்டு எழுதிக்கொள்ள யாரும் இல்லை. ரவிசந்திரன் ஆஸ்பத்திரிக்குப் பழம் வாங்கிக்கொண்டு வந்தார், கண் கலங்கினார், விசாரணையில் வாய் திறக்கவில்லை.

போன வருடம் தொழிற்சாலைக்குள் கேமராவோடு ஒரு வெள்ளைக்காரப் பெண் வந்தார். பெயர் மாலின். ஸ்வீடன் நாட்டுக்காரர், ஐம்பது வயதிருக்கும், பேசுவது பக்கத்தில் நின்றால்தான் கேட்கும். கூடவே தேஜஸ் என்று ஒரு புனே இளைஞன், உள்ளூர் ஏற்பாடெல்லாம் அவன் பொறுப்பு. ராஜியை அவன் 'தாயி' என்று கூப்பிட்டான். மராத்தியில் அக்கா.

மாலின் எடுப்பது ஒரு குறும்படம். தூரத்திலுள்ள இரண்டு நாடுகளை ஒரு எஃகுத் துண்டு எப்படி இணைக்கிறது என்பது கதை. ஸ்வீடனின் வடகோடியில் ஒரு முதியவர், ஆஸ்பத்திரியில் கிடக்கும் மனைவியைப் பார்க்கப் பனிப் பாதையில் தினமும் கார் ஓட்டிப் போகிறார். அவர் மாட்டும் பெல்ட்டின் நாக்கு புனேயில் அடிக்கப்பட்டது. அங்கே அவர் கை, இங்கே இவர்கள் கைகள்.

தேஜஸ் இதை ஹிந்தியில் விளக்கியபோது ராஜிக்குப் பிடித்துவிட்டது. இத்தனை வருடம் பெட்டியில் அடுக்கி அனுப்பிய துண்டுகள் எங்கே போகின்றன என்று அவள் யோசித்ததே இல்லை. "அந்தத் தாத்தா சம்சாரத்துக்கு என்ன சீக்கு?" என்று கேட்டாள். தேஜஸுக்குத் தெரியவில்லை. மாலினிடம் கேட்டுச் சொன்னான். ஞாபகம் போய்க்கொண்டிருக்கிறதாம், புருஷனைச் சில நாள் அடையாளம் தெரியாதாம். ராஜி உச்சுக் கொட்டினாள்.

பேக்கிங் மேசையில் அவள் கையைப் பார்த்தார் மாலின். மற்றவர்களைப் போல முகத்தைத் திருப்பவில்லை. கேட்டார். அதுவே ராஜிக்குப் போதுமாக இருந்தது.

"வீட்டுக்கு வாங்க, எல்லாம் சொல்லுதேன்" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் மொட்டை மாடியில் வைத்துப் படம் பிடித்தார்கள். ஹிந்தியில் பேச ஆரம்பித்தவளை மாலின் கை காட்டி நிறுத்தினார். தேஜஸ் சொன்னான்: "தாயி, உங்க பாஷையிலேயே பேசுங்க. அப்பதான் மனசிலிருந்து வருமாம்."

"உங்க ரெண்டு பேருக்கும் தமிழ் புரியாதே?"

"அதைப் பத்திக் கவலைப்படாதீங்க. மொழிபெயர்க்க ஆள் வெச்சிருவோம்."

ராஜி தமிழில் பேசினாள். யாரும் குறுக்கிடாமல், யாரும் கடிகாரம் பார்க்காமல், முதல் தடவையாக முழுசாகப் பேசினாள். மிஷின் இரண்டடி அடித்ததை, சென்சாரை, ரவிசந்திரன் அண்ணன் சொன்னதை, கவனக்குறைவு என்று எழுதியதை. அதே பிரஸ் ஷாப்பில் அவளுக்கு முன்னாலும் பின்னாலும் விரல் கொடுத்த பெண்களின் பெயர்களை ஒவ்வொன்றாகச் சொன்னாள். சொல்லும்போது குரல் ஏறியது, உடைந்தது, மறுபடி ஏறியது. மாலின் கேமராவுக்குப் பின்னால் அழுதுகொண்டிருந்தார். முடிந்ததும் வந்து அவள் வலது கையைத் தன் இரண்டு கைகளுக்குள் வைத்துக்கொண்டார்.

அன்று சாயங்காலம் வசந்தகுமாரிடம் ராஜி சொன்னாள்: "இப்ப ஒருத்தி கேட்டுட்டுப் போறா, பாத்தீகளா? வெளிநாட்டுல போட்டுக் காட்டுவா. அப்புறம் பாப்போம், யாரு கவனக்குறைவுன்னு."

"வேலைக்கு ஒண்ணும் வந்துராதே?" என்றான் வசந்தகுமார்.

"வந்தா வரட்டும்."

படம் முடிந்து புனேயில் திரையிடல் என்று தேஜஸ் போன் செய்தான். டெக்கான் பக்கம் ஒரு கலைக்கூடத்தின் சிறிய அரங்கு. மாலின் நேரில் வருகிறார், தாயி கட்டாயம் வர வேண்டும். ஐரோப்பாவில் எங்கோ பரிசும் வாங்கிவிட்டதாம். ராஜி பட்டுப்புடவை கட்டிக்கொண்டாள். மூன்று பேரும் சிவாஜிநகர் வரை லோக்கலில் போய், அங்கிருந்து ஆட்டோ பிடித்தார்கள். சோனியா அப்போது பி.காம். இரண்டாம் வருடம். அவளுக்குத் தமிழ் கேட்டால் புரியும், பேசினால் தடுமாறும், வாசிக்க வராது. ஆங்கிலம் தண்ணீர் மாதிரி.

அரங்கில் கதர்க் குர்த்தாக்களும் கைத்தறிச் சேலைகளும். முன்வரிசையில் தொழிற்சாலை மேனேஜர் உட்கார்ந்திருந்தார். ராஜியைப் பார்த்துச் சிரித்தார். அந்தச் சிரிப்பிலேயே அவளுக்கு ஏதோ சரியில்லை என்று பட்டது.

விளக்கு அணைந்தது. பனி. வெறும் பனி. வெகுநேரம் கழித்து அதன் நடுவே ஒரு கார். முதியவரின் சுருங்கிய கை பெல்ட்டை இழுத்து மாட்டுகிறது. 'கிளிக்'. உடனே பிரஸ் ஷாப். அது ராஜிக்குத் தெரிந்த பிரஸ் ஷாப் இல்லை. அந்த இடத்தில் காது பிளக்கும். படத்தில் சத்தமே இல்லை, ஏதோ ஒரு தந்தி வாத்தியம் மெல்ல இழைந்தது. பிரஸ் மிக மெதுவாக, கோயில் கதவு சாத்துகிற மாதிரி, இறங்கியது. பிறகு அவள் கை. மூன்று விரல் கை. ஜன்னல் வெளிச்சத்தில் துண்டுகளை எடுத்து எடுத்து வைத்தது. அரங்கில் யாரோ நீளமாக மூச்சு விட்டார்கள்.

அப்போது அவள் குரல் வந்தது.

"சென்சாரையாவது போட்டு விடுங்கண்ணேன்னு கெஞ்சினேன். ஒரு நாள் ஓட்டீருன்னாரு…"

வசந்தகுமார் அவள் தோளை இறுக்கிப் பிடித்தான். ராஜி திரையையே பார்த்தாள். கீழே வெள்ளை எழுத்துகள் ஓடின. வரிகள் குட்டி குட்டியாக இருந்தன. தான் பேசியதற்கும் அந்த வரிகளுக்கும் அளவு ஒத்துவரவில்லையே என்று நினைத்தாள். பக்கத்தில் சோனியா அசையாமல் இருந்தாள்.

"ஏட்டி, என்ன எழுதியிருக்கு?"

சோனியா அடுத்த வரி ஓடி முடியும்வரை வாசித்தாள்.

"வாசிச்சுச் சொல்லுட்டி."

"அம்மா… நீ சொல்றது இல்ல அது." சோனியா அம்மாவின் பக்கம் சாய்ந்தாள். "வேற. வேற எழுதியிருக்கு."

"வேறன்னா?"

சோனியா தனக்கு வந்த தமிழில், அரைகுறையாக, காதோடு காதாகச் சொன்னாள். காலையில் இரும்பு குளிர்ந்திருக்கும். கை அதற்குப் பழகிவிடும். எங்கோ தூரத்தில் யாரோ ஒருவர் பத்திரமாக வீடு போய்ச் சேருவார். அது எனக்குப் போதும்.

திரையில் ராஜியின் குரல் விரல் போன பெண்களின் பெயர்களைச் சொல்லிக்கொண்டிருந்தது. ஷோபா, மங்கள், ருக்சானா, இன்னொரு மங்கள். கீழே எழுத்து ஓடியது: பனி எல்லாச் சத்தத்தையும் மூடிவிடுகிறது.

படம் முடிந்ததும் கைதட்டல் ஓய நெடுநேரம் ஆயிற்று. மாலின் மேடைக்கு வந்து, மௌனத்தைப் பற்றியும் மனிதக் கைகளைப் பற்றியும் ஆங்கிலத்தில் பேசினார். பிறகு ராஜி இருக்கும் பக்கம் கையை நீட்டி, அவளை எழுந்து நிற்கச் சொன்னார். எல்லோரும் திரும்பிப் பார்த்து மறுபடி கைதட்டினார்கள்.

ராஜி எழுந்தாள். வசந்தகுமார் புடவைத் தலைப்பைப் பிடித்து இழுத்தான். "ஏ ராஜி, வேண்டாம். வெளிய போயிப் பேசிக்கலாம்."

தலைப்பை உருவிக்கொண்டு அவள் மேடைக்கு நடந்தாள். தேஜஸ் சிரித்தபடி மைக்கை நீட்டினான். அவள் மராத்தியில் பேசினாள்.

"நான் பேசுறது திரும்ப வரட்டும். அந்த இடத்தைத் திரும்பப் போடுங்க. வாத்தியம் வேண்டாம், எழுத்து வேண்டாம். என் குரல் மட்டும்."

தேஜஸின் சிரிப்பு போயிற்று. "தாயி, அப்படியெல்லாம் நிறுத்தி நிறுத்திப் போட முடியாது…"

"ஏன் முடியாது? என் குரலை வெட்டி ஒட்ட முடிஞ்சுதுல்ல?"

அரங்கில் சலசலப்பு. மாலின் தேஜஸிடம் என்னவென்று கேட்டார். அவன் அவர் காதில் ஏதோ சொன்னான். மாலின் முகம் வெளுத்தது. பின்வரிசையில் ஒரு வயதான மராத்திக்காரர் எழுந்து, "போடுங்களேன், அந்தம்மாவோட குரல்தானே?" என்றார். இன்னும் நாலைந்து குரல்கள் சேர்ந்தன. கம்ப்யூட்டர் அருகே இருந்த பெண் யாரையும் கேட்காமல் படத்தைப் பின்னோக்கி ஓட்டினாள். வாத்தியத்தை நிறுத்த முடியவில்லை. திரையை அணைத்துச் சத்தத்தை உயர்த்தி வைத்தாள்.

இருட்டுத் திரையிலிருந்து ராஜி தமிழில் பேசினாள். மேடையில் நின்ற ராஜி அதை மராத்தியில் சொன்னாள். ஒரு வாக்கியம் அது, ஒரு வாக்கியம் இவள். சென்சார். சாவி. இரண்டு அடி. ஷோபாவின் கட்டைவிரல். மங்களின் நான்கு விரல்கள். கவனக்குறைவு என்ற இடம் வந்தபோது அவள் மேனேஜர் இருந்த பக்கம் திரும்பினாள். நாற்காலி காலியாக இருந்தது.

குரல் நின்றது. அவள் மாலினைப் பார்த்து ஹிந்தியில் சொன்னாள், தேஜஸ் வேறு வழியில்லாமல் ஆங்கிலத்தில் மாற்றினான்.

"அது எனக்குப் போதும்னு நான் எப்பம்மா சொன்னேன்? எது எனக்குப் போதும்? நீயே சொல்லு."

மாலின் அழுதுகொண்டே விளக்கம் சொன்னார். தொழிற்சாலைக்குள் படம் எடுக்க அனுமதி தந்தபோதே விபத்து பற்றி எதுவும் வரக்கூடாது என்று எழுதி வாங்கிக்கொண்டார்களாம். அதை மீறினால் படமே வெளிவந்திருக்காதாம். அதனால் அவள் குரலையாவது காப்பாற்ற வேண்டும் என்று நினைத்தாராம். தன் படம் செய்தி இல்லை, ஓர் உணர்வு, அந்த உணர்வுக்குப் பக்கத்தில் வருகிற வரிகளைத்தான் எழுதினாராம்.

"மொழிபெயர்த்து என்ன சொன்னேன்னு தெரிஞ்சுக்கிட்டியா, இல்லையா?"

தெரிந்துகொண்டேன் என்று மாலின் தலையசைத்தார்.

"தெரியாமச் செஞ்சிருந்தா மன்னிச்சிருப்பேன்" என்று சொல்லிவிட்டு ராஜி மைக்கைத் தேஜஸ் கையில் திணித்து இறங்கினாள்.

மறுநாள் காலை தொழிற்சாலை வாசலில் வாட்ச்மேன் அவளை உள்ளே விடவில்லை. அவள் நுழைவு அட்டை வேலை செய்யவில்லை என்றான். மேனேஜரைக் கூப்பிடச் சொன்னாள். வரவில்லை. ஷிஃப்ட் மாறும் நேரம் வரை அங்கேயே நின்றாள். உள்ளே போன பெண்கள் சிலர் தலையைக் குனிந்துகொண்டு போனார்கள். அவள் மேடையில் பெயர் சொன்ன மங்கள்களில் ஒருத்தி மட்டும் நின்று, அவள் கையைத் தொட்டுவிட்டுப் போனாள்.

வீட்டில் வசந்தகுமார் கத்தினான். "சொன்னேன்லா? வெளிய வச்சுப் பேசிக்கலாம்னு சொன்னேன்லா? சபையில போயி நின்னு… இப்ப வேலையும் போச்சு."

"விரலு போனப்ப இப்படிக் கத்தினீகளா?"

அதற்குப் பிறகு சில நாட்கள் இருவரும் பேசிக்கொள்ளவில்லை.

மேடையில் நடந்ததைச் சோனியா போனில் பதிவு செய்திருந்தாள். அம்மாவிடம் கேட்காமலேயே கல்லூரித் தோழிகளுக்கு அனுப்பினாள். அது சிஞ்ச்வட், போசரி பக்கத்துத் தொழிலாளர்களின் வாட்ஸப் குழுக்களில் சுற்றியது. வீட்டுக்குப் பெண்கள் வர ஆரம்பித்தார்கள். வேறு வேறு தொழிற்சாலைகள், ஒரே கதை. ஒருத்திக்கு இடது கையில் விரலே இல்லை. கூடத்தில் இடம் போதாமல் படியில் உட்கார்ந்தார்கள். வசந்தகுமார் வேலை விட்டு வந்து, வாசலில் கிடந்த செருப்புகளைப் பார்த்துத் தயங்கி நின்றான். பிறகு உள்ளே போய், எல்லோருக்கும் டீ போட்டான். அன்று ராஜியிடம் பேசினான். "நாளைக்கு லேபர் ஆபீசுக்குப் போகணும்னா நா லீவு போடுதேன்" என்றான்.

ஸ்வீடனிலும் ஒன்று நடந்தது. அங்கே படம் திரையிட்டபோது, பல வருடங்களாக அங்கே குடியிருக்கும் இலங்கைத் தமிழர் ஒருவர் பார்த்திருக்கிறார். அவருக்குத் தமிழும் புரிந்தது, கீழே ஓடிய எழுத்தும் புரிந்தது. அரங்கிலேயே எழுந்து, "இந்தம்மா சொல்வது ஒன்று, நீங்கள் எழுதியிருப்பது வேறொன்று" என்று சொல்லிவிட்டார். ராஜி பேசிய எல்லாவற்றையும் அந்நாட்டு மொழியில் எழுதி, கார் சீட் பெல்ட் செய்கிற கம்பெனியின் தொழிற்சங்கத்துக்கு அனுப்பினார். சங்கத்துக்காரர்கள் தங்கள் கம்பெனியைக் கேட்டார்கள், அந்தக் கம்பெனி சிஞ்ச்வட் தொழிற்சாலையைக் கேட்டது. மழைக்காலம் முடிவதற்குள் வெளியாட்கள் வந்து பிரஸ் ஷாப்பைச் சோதித்தார்கள். சென்சாரை அணைக்கும் சாவிகளைப் பிடுங்கினார்கள். டபுள் அடி அடிக்கிற மிஷின்களை ஓரம் கட்டினார்கள். மங்கள் போன் செய்து சொன்னாள்: "இப்போ கை நுனி பட்டாலே நின்னுடுது. சூப்பர்வைசர் பல்லைக் கடிச்சுக்கிட்டு நிக்கிறான்."

ராஜியைத் திரும்ப வேலைக்குக் கூப்பிடவில்லை.

மாலின் வீடியோவில் பேசினார். சோனியா நடுவில் இருந்து மொழிபெயர்த்தாள். படத்தில் இப்போது சரியான வரிகளைப் போட்டுவிட்டாராம். தொழிற்சாலை வழக்குப் போடுவதாக மிரட்டினாலும் பரவாயில்லையாம். பெரிய விழா ஒன்றுக்கு இந்தப் புதிய படத்தைக் கேட்கிறார்கள், ராஜி வந்து மேடையில் நிற்க வேண்டும், டிக்கெட் எல்லாம் அவர்கள் பொறுப்பு.

ராஜி சோனியாவிடம் திரும்பினாள்.

"நா வரலைன்னு சொல்லு. சரியா எழுதினதுக்குச் சந்தோசம்னு சொல்லு. ஆனா அது அவ முதல்லயே எழுதியிருக்க வேண்டியது. அதுக்குப் போயி மேடையில நின்னு நா கும்பிடு போட முடியாது."

"அம்மா, இத்தனை ஹார்ஷா சொல்லணுமா? அவங்க ட்ரை பண்றாங்க."

"நா சொன்னதை அப்படியே சொல்லுட்டி. நீயும் வேற எதையாவது சொல்லிராத."

சோனியா அப்படியே சொன்னாள். மாலின் சரி என்றார். பனிப் பாதை முதியவரின் மனைவி இறந்துவிட்டதாக மட்டும் கடைசியில் சொன்னார். அதைக் கேட்டு ராஜி உண்மையாகவே வருத்தப்பட்டாள். "அந்தத் தாத்தாவைச் சாப்பிடச் சொல்லுங்க, தனியா இருந்தா சாப்பிட மாட்டாக" என்று தமிழிலேயே சொன்னாள்.

இதற்கிடையில் தொழிற்சாலை தப்பிக்க ஒரு வழி கண்டுபிடித்தது. சென்சாரை அணைத்தது சூப்பர்வைசரின் சொந்த முடிவு, நிர்வாகத்துக்குத் தெரியாது என்றது. ரவிசந்திரனை வேலையை விட்டு நீக்கியது. இருபது வருடத்துக்கு மேல் அங்கே இருந்தவர்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர் ராஜி வீட்டு வாசலில் நின்றார். முகம் சவரம் செய்யாமல் இருந்தது. வசந்தகுமார் உள்ளே வரச் சொன்னான். ராஜி சொல்லவில்லை.

"ஏம்மிணி, என்ற பேரை எதுக்கு இழுத்தே? உனக்கு வேலை வாங்கிக் குடுத்தவன் நானு. மேல இருக்கறவன் சொன்னான், செஞ்சேன். இப்ப என்னைத் தூக்கி வெளிய போட்டுட்டு அவனுக நல்லாத்தான் இருக்கறானுங்க."

"உங்க பேரைச் சொல்லாம எப்படிண்ணே சொல்லுவேன்? நா உங்ககிட்டதானே வந்து கேட்டேன்? மிஷின்கிட்டயா கேட்டேன்?"

"எனக்கும் புள்ளைங்க இருக்குதே அம்மிணி…"

"எனக்கும் ஒருத்தி இருக்கா." அவள் வலது கையைத் தூக்கி அவர் முகத்துக்கு நேரே நீட்டினாள். "இதைப் பாருங்க. ஆஸ்பத்திரிக்கு வந்து அழுதீங்க. விசாரணையில ஏன் வாயத் தொறக்கல? அன்னைக்கு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா, எனக்குப் பொறவு ருக்சானாவுக்குப் போயிருக்காதுல்லா?"

ரவிசந்திரன் படிக்கட்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"யாரு சாவி போடச் சொன்னதுன்னு லேபர் ஆபீசுல வந்து சொல்லுங்க. அதுக்கு அப்புறம் வந்தா உள்ள கூப்பிடுதேன்" என்று சொல்லிவிட்டு ராஜி அடுக்களைக்குப் போய்விட்டாள்.

அவர் வருவார் என்று அவள் நம்பவில்லை. ஆனால் லேபர் ஆபீசில் நடந்த அடுத்த விசாரணைக்கு வந்தார். ராஜியோடு இன்னும் ஐந்தாறு பெண்கள் வழக்குத் தொடுத்திருந்தார்கள், தாழ்வாரத்துப் பெஞ்சு நிறைய அவர்கள்தான். உள்ளே அதிகாரி முன்னால் ரவிசந்திரன் தட்டுத் தடுமாறித்தான் பேசினார். மேனேஜர் பெயரைச் சொன்னார். எந்தெந்த ஆர்டருக்கு அணைக்கச் சொன்னார்கள் என்று சொன்னார். ராஜி மிஷினைப் பற்றிக் காலையிலேயே வந்து சொன்னதையும் சொன்னார். தொழிற்சாலை வக்கீல் அவரைப் பழிவாங்குகிறவர் என்று நிரூபிக்கப் பார்த்தார். அதிகாரி வக்கீலை உட்காரச் சொன்னார். ராஜிக்கு விபத்து நேர்ந்தது கவனக்குறைவால் இல்லை என்று அன்றைக்கே எழுதிவிடவில்லை. வழக்கு இன்னும் நடக்கிறது. ஆனால் அவள் சொன்னது முதல் தடவையாக அரசாங்கத் தாளில், அவள் சொன்னபடியே, ஏறியது.

விசாரணை முடிந்து வெளியே வந்தார்கள். மற்ற பெண்கள் முன்னால் நடந்தார்கள். ரவிசந்திரன் பின்னால் வந்து, கொஞ்சம் தள்ளி நின்றார்.

"சொல்லிப்போட்டேன் அம்மிணி."

"கேட்டேன்."

"இப்பவாவது கோவம் தீந்துச்சா?"

ராஜி அவரைப் பார்த்தாள். பொய் சொல்லலாமா என்று ஒரு கணம் யோசித்திருக்கலாம். அவர் அவ்வளவு இளைத்திருந்தார்.

"இல்லண்ணே" என்றாள். "ஆனா நீங்க வந்ததுக்கு ஒரு நாள் வீட்டுக்குச் சாப்பிட வாங்க. அண்ணியையும் கூட்டிட்டு வாங்க."

அவர் தலையாட்டினார். கீழே தெருவில் மங்கள் ஆட்டோவை நிறுத்தி வைத்துக்கொண்டு அவளைக் கூப்பிட்டாள். ராஜி சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு வேகமாகப் படியிறங்கினாள்.